செத்தவர் சார்பில் நான் எழுதிய கடிதம்

சென்ற மாதம் உங்கள் வழக்கறிஞர் சங்கக் கூட்டத்தில் பேசிவிட்டு மேடையிலிருந்து இறங்கும்போது ஓர் இளம் பெண் வழக்கறிஞர் வழிமறித்துக் கேட்டார். "சார், அப்பீல் நடந்துக்கிட்டு இருக்கும்போது கட்சிக்காரர் செத்துட்டா என்ன சார் பண்றது?" கையில் குறிப்பேடு, பேனா எல்லாம் தயாராக இருந்தன. நான் விதி எண்ணைச் சொல்வேன் என்று எதிர்பார்த்தார். எனக்கோ முதுகெல்லாம் வியர்த்துவிட்டது. "அப்புறம் சொல்றேம்மா" என்று சொல்லிவிட்டு காரை நோக்கி ஓடாத குறையாக நடந்தேன். முப்பத்தேழு வருடம் கறுப்புக் கோட்டு போட்டவன் ஒரு சாதாரணக் கேள்விக்கு ஓடுகிறானே என்று பின்னால் சிரித்திருப்பீர்கள். சிரியுங்கள். ஓடியதற்குக் காரணம் இருக்கிறது, அதை எழுதத்தான் இப்போது உட்கார்ந்திருக்கிறேன். உட்கார்ந்திருக்கிறேன் என்பதும் பாதிப் பொய். இந்தப் பத்தியை முடிப்பதற்குள் நான்கு முறை எழுந்து வாசல்வரை போய் வந்தாயிற்று. இந்த விஷயத்தை நினைத்தால் என் கால்கள் ஓரிடத்தில் நிற்பதில்லை.

முதலில் அந்தப் பெண்ணுக்குக் கடன்பட்ட பதில். ஆள் செத்தால் வழக்கும் சாகுமா என்றால், எதற்கான வழக்கு என்பதைப் பார்க்க வேண்டும். சிரம்பான் லோபாக்கில் பக்கத்துப் பக்கத்துக் கடைக்காரர்கள் இருவர். ஒருவர் மற்றவரைத் தெருவில் நின்று திருடன் என்று சொல்லிவிட்டார். திட்டு வாங்கியவர் மானநஷ்ட வழக்குப் போட்டார். நான்தான் அவருக்கு வக்கீல். விசாரணை தொடங்குவதற்கு முன்பே அவர் நெஞ்சுவலியில் போய்விட்டார். அவதூறு வழக்கு ஆளோடு போகிற வழக்கு, அதுவும் போயிற்று. திட்டியவர்தான் சாவு வீட்டுக்கு முதல் ஆளாக மாலையோடு வந்து, எல்லாரையும்விடச் சத்தமாக அழுதார். நான் ஃபைலைக் கட்டி அலமாரியில் வைத்தேன்.

நிலம், வீடு, பாதை, ஒப்பந்தம் போன்றவை வேறு. அந்த உரிமை ஆளைத் தாண்டி நிற்கும். அதனால் மேல்முறையீடும் சாகாது. ஆனால் நடக்கவும் நடக்காது. இறந்தவர் இடத்தில் உயிரோடு இருக்கும் ஒருவரை நீதிமன்றம் ஏற்றுக்கொள்ளும்வரை அது அப்படியே நிற்கும். இன்னொன்று, கட்சிக்காரர் மூச்சு நின்ற அந்த நிமிடமே உங்களுக்கு அவர் கொடுத்த அதிகாரமும் நின்றுவிடுகிறது. அதற்குப் பிறகு நீங்கள் அவர் பெயரில் ஒரு வரிகூட எழுதக்கூடாது. இவ்வளவும் புத்தகத்தில் இருக்கிறது. இனிமேல் சொல்வது எந்தப் புத்தகத்திலும் இல்லை.

சவரிமுத்து ஐயா ஒரு ரப்பர் தோட்டத்தில் மண்டோராக, அதாவது கங்காணியாக, இருந்து ஓய்வு பெற்றவர். பால் மரம் போய், செம்பனை வந்து, பிறகு தோட்டமே விற்கப்பட்டது. தொழிலாளர் குடியிருந்த லயங்களை இடித்தார்கள். சனங்கள் ரெம்பாவுக்கும் சிரம்பான் அடுக்குமாடிகளுக்கும் சிதறினார்கள். தோட்டம் இருந்த செண்டாயான் பக்கம் புதுசு புதுசாகத் தொழிற்சாலைகள் எழும்பிக்கொண்டிருந்த காலம். பழைய தோட்டத்தில் மிச்சம் இருந்தது ஒரு சரிவில் கிடந்த இடுகாடு மட்டும்தான். இந்துக்களின் மேடுகளும் கிறிஸ்தவர்களின் சிலுவைகளும் கலந்து கிடக்கும். நிலத்தை வாங்கிய கம்பெனி அதையும் சமப்படுத்திப் பாதை போடப் பார்த்தது. ஐயா தமக்காகவும், அங்கே தங்கள் ஆட்களைப் புதைத்திருந்த முப்பதுக்கும் மேற்பட்ட குடும்பங்களுக்காகவும் வழக்குப் போட்டார். மற்றவர்கள் கையெழுத்துப் போடப் பயந்தார்கள். காகிதத்தில் இருந்தது அவர் பெயர் ஒன்றுதான்.

அவருக்கு என்ன வேண்டும் என்பதில் முதல் நாளே சந்தேகம் இருக்கவில்லை. என் மேசைக்கு எதிரில் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு சொன்னார்: "சார், எனக்கு வூடு வேணாம், நெலம் வேணாம். என் பொஞ்சாதி ஆரோக்கியம் அங்கதான் படுத்துருக்கா. அவ பக்கத்துல எனக்கு ஆறடி. அவ்ளோதான் லா."

சிரம்பான் உயர்நீதிமன்றத்தில் தோற்றோம். மேல்முறையீடு செய்தோம். அது முடியும்வரை இடுகாட்டில் யாரும் கை வைக்கக்கூடாது என்று ஒரு தடை உத்தரவு மட்டும் கிடைத்தது. அந்த ஒரு தாள்தான் மண்வாரி இயந்திரங்களுக்கும் ஆரோக்கியத்தம்மாளுக்கும் நடுவில் இருந்தது.

ஐயாவுக்குச் சர்க்கரை வியாதி. காலில் புண் ஆறவில்லை. வேறு மாநிலத்தில், குளுவாங்கில் இருந்த மகள் ஜெசிந்தா வந்து வைத்தியத்துக்காகத் தன் வீட்டுக்கு அழைத்துப்போனார். மேல்முறையீட்டு விசாரணைக்கு நாள் குறித்து வந்தது. அதற்குப் பத்து நாட்கள் முன்னால் எதிர்த்தரப்பிலிருந்து கடிதம். எல்லாக் கல்லறைகளையும் தோண்டி, எலும்புகளை மரியாதையோடு டவுன் கல்லறைக்கு மாற்றித் தருகிறோம், சம்மதமா என்று கேட்டிருந்தார்கள். கட்சிக்காரரைக் கேட்காமல் பதில் எழுத முடியாது. குளுவாங்குக்குப் போன் போட்டேன்.

"அப்பா தூங்குறாரு சார்" என்றார் ஜெசிந்தா.

மறுநாள் போட்டேன். "இப்பதான் மருந்து குடிச்சிட்டுப் படுத்தாரு சார்."

மூன்றாம் நாள் கொஞ்சம் கடுப்பாகவே பேசினேன். பதில் சொல்ல வேண்டிய கெடு நெருங்கிக்கொண்டிருந்தது. ஜெசிந்தா சொன்னார்: "கேட்டேன் சார். வேணாங்கறாரு. ஒரு எலும்பக்கூட தொடக்கூடாதுன்னு சொல்லச் சொன்னாரு."

அச்சு அசல் ஐயாவின் பேச்சு. எனக்கு உற்சாகம் பிடிபடவில்லை. உடனே எழுதினேன்: எமது கட்சிக்காரரின் உத்தரவுப்படி இந்த யோசனை நிராகரிக்கப்படுகிறது. கையெழுத்துப் போட்டு அனுப்பிவிட்டு, கிழவர் கெட்டிக்காரர்தான் என்று டீ குடித்தேன். அவர் குரலை மூன்று நாளும் நான் கேட்கவில்லை என்பது எனக்கு உறைக்கவே இல்லை.

விசாரணை அன்று காலை புத்ராஜெயா, மேல்முறையீட்டு நீதிமன்றம். நீதிமன்றத் தாழ்வாரத்தில் நான் குறுக்கும் நெடுக்கும் நடந்துகொண்டிருந்தேன். வழக்குக்கு முன்னால் எப்போதும் அப்படித்தான். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் என்னிடம் வந்தார். நெடுநாள் பழக்கமுள்ள பெண்மணி, சட்டத்தில் கெட்டிக்காரர். "கடைசியாக ஒன்று," என்றார் ஆங்கிலத்தில். "மேல் பாதியை அப்படியே விட்டுவிடுகிறோம், வேலி போட்டு, வழியும் விட்டு. கீழ்ப் பாதி மட்டும் பாதைக்கு வேண்டும். இப்போதே சொன்னால் இப்போதே பதிவு செய்துவிடலாம்."

மேல் பாதியில்தான் பெரும்பாலான கல்லறைகள். ஆரோக்கியத்தம்மாள் இருப்பது கீழ்ப் பாதியில், பாதையோரம். சம்மதித்தால் முக்கால்வாசிக் குடும்பங்கள் தப்பிக்கும். ஐயாவின் மனைவி தோண்டப்படுவார். மறுத்துத் தோற்றால் ஒன்றும் மிஞ்சாது. இதை நான் முடிவு செய்ய முடியாது. மகள் முடிவு செய்ய முடியாது. அந்த மனிதர் ஒருவர்தான் வாயைத் திறந்து சொல்ல வேண்டும்.

ஜெசிந்தா தனியாக வந்திருந்தார். ஓரத்து நாற்காலியில் கைப்பையை மார்போடு அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். போய் விஷயத்தைச் சொன்னேன். "அப்பாவுக்குப் போன் போடும்மா. தூங்கினாலும் எழுப்பச் சொல்லு. நான் அவர்கிட்ட நேரா பேசணும்."

"அப்பா எடுக்க மாட்டாரு சார்."

"வீட்டுல யாராச்சும் இருப்பாங்கல்ல? அவர் காதுல வைக்கச் சொல்லு."

ஜெசிந்தா என்னைப் பார்க்கவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "அப்பா செத்து இன்னியோட பத்தொம்பது நாளு சார்."

பத்தொன்பது நாள். அப்படியானால் என் கடிதம்? நான் போன் போட்ட அந்த மூன்று நாட்கள்? "ஏம்மா சொல்லல? ஏன் சொல்லல?" நீதிமன்றம் என்பதையும் மறந்து கத்திவிட்டேன். அங்கிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"நீங்கதான சார் சொன்னீங்க" என்றார் ஜெசிந்தா.

"நான் என்ன சொன்னேன்?"

"போன வருசம் உங்க ஆபீஸ்ல. அப்பா மருந்து சாப்புட மாட்டேன்னு அடம் புடிச்சப்ப. 'நீங்க இருக்கிற வரைக்கும்தான்யா இந்தக் கேஸு, நீங்க போனா கேஸும் போயிடும், ஒழுங்கா மாத்திரைய முழுங்குங்க'ன்னு சொன்னீங்க. அப்பா அதுக்கப்புறம் ஒரு நாள் மருந்த விட்டதில்ல. சாவறதுக்கு முன்னாடி என் கையப் புடிச்சிக்கிட்டு, லாயருக்குத் தெரிய வேணாம், கம்பெனிக்குத் தெரிய வேணாம், கேஸ் முடியட்டும்னாரு."

சொல்லியிருக்கிறேன். சத்தியமாகச் சொல்லியிருக்கிறேன். பிடிவாதக்காரப் பெரியவரிடம் செல்லமாக அதட்டிச் சொன்னது. சட்டம் என்று நினைத்துச் சொல்லவில்லை. ஆனால் சொன்னது யார்? கறுப்புக் கோட்டு மாட்டிய அவருடைய வக்கீல். அவர்கள் வேறு யாரிடம் போய்ச் சட்டம் கேட்பார்கள்? அவர் இறந்தால் என்ன ஆகும் என்பதை ஒரு முறைகூட நான் ஒழுங்காக விளக்கவில்லை. வயதான ஆளிடம் போய் அவர் சாவைப் பற்றிப் பேசுவது நன்றாக இருக்காதே என்று கூச்சம். நாம் எல்லாரும் இப்படித்தான். சாவு என்று வாய்விட்டுச் சொன்னால் வந்துவிடும் என்பதுபோல நாசூக்காகத் தாண்டிப்போவோம்.

"உள்ள போய் பேசிடுங்க சார்," என்று ஜெசிந்தா கெஞ்சினார். "ஒருத்தருக்கும் தெரியாது. குளுவாங்ல நடந்தது. தோட்டத்து ஆளுங்களுக்கே நான் சொல்லல. நீங்க பேசினா ஜெயிச்சிருவோம் சார்."

இங்கே நீங்கள் என்னைப் பற்றி உயர்வாக நினைத்துவிடக்கூடாது. இரண்டு நிமிடம் நான் அந்த யோசனையை மனதில் புரட்டிப் பார்த்தேன். மேல்முறையீட்டில் கட்சிக்காரரை யாரும் கூப்பிட்டு விசாரிக்கப் போவதில்லை. வேண்டியது என் வாய் மட்டும்தான். வாதமோ பலமாகத் தயாராக இருந்தது. உண்மையைச் சொன்னால், மேல்முறையீடு செய்தவரே இல்லை, தடை உத்தரவு எதற்கு என்று எதிர்த்தரப்பு கேட்கும். அது போனால் அடுத்த நாள் காலையில் மண்வாரி இறங்கும். சும்மா இருந்தாலோ ஜெயிக்கலாம். ஆனால் என்றாவது ஒருநாள் இறப்புச் சான்றிதழ் யார் கண்ணிலாவது படும். பிணத்தின் பெயரில் வாங்கிய தீர்ப்பு என்று தூக்கி எறிவார்கள், தெரிந்தே ஏமாற்றிய வக்கீல் என்று என்னையும் சேர்த்து. நேர்மையா பயமா என்று கேட்டால், பாதிப் பாதி என்பேன்.

ஜெசிந்தாவிடம் குனிந்து சொன்னேன். "கேஸ் சாகாதும்மா. நான் அன்னைக்குச் சொன்னது சட்டம் இல்ல. அப்பா இடத்துல நீ நிக்கலாம். உங்கம்மா அங்கதான இருக்காங்க. கோர்ட்டுல மனுப் போட்டு உன்னச் சேர்க்கலாம்."

"சாகாதா சார்?"

"சாகாது."

"நெசமாவா?"

"நெசமா."

ஆறுதலடைவார் என்று நினைத்தேன். முகம் அப்படி மாறவில்லை. வாய் லேசாகத் திறந்தபடி, எதையோ தொலைத்தவர் போலச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஏன் என்று கேட்க எனக்கு நேரம் இல்லை. எங்கள் வழக்கின் எண்ணை அழைத்துவிட்டார்கள்.

உள்ளே மூன்று நீதிபதிகள். நடுவில் இருந்தவர் ஒரு பெண்மணி. நான் எழுந்து, மேல்முறையீடு செய்தவர் இறந்துவிட்டார் என்றும், கண்டிப்பாகப் பார்த்தால் இந்த நிமிடம் யாருக்காகவும் பேச எனக்கு அதிகாரம் இல்லை என்றும், நீதிமன்றத்துக்கு உதவுகிறவனாக மட்டும் நிற்கிறேன் என்றும் சொன்னேன்.

"எப்போது இறந்தார்?"

"பத்தொன்பது நாட்களுக்கு முன்பு, யாங் அரிஃப்" என்றேன், நீதிபதியை விளிக்கும் மரபுப்படி.

"உங்களுக்கு எப்போது தெரியும்?"

"பத்து நிமிடங்களுக்கு முன்பு."

எதிர்த்தரப்புப் பெண்மணி எழுந்தார். கையில் என் கடிதம். "போன வாரம் எங்களுக்கு வந்த பதிலில் கட்சிக்காரரின் உத்தரவுப்படி என்று எழுதியிருக்கிறது. எந்தக் கட்சிக்காரர் கொடுத்த உத்தரவு என்று என் நண்பர் விளக்கட்டும்."

அப்படி ஒரு அவமானத்தை அந்த அறையில் நான் அதற்கு முன் பட்டதில்லை. குடும்பத்தார் வாய்வழியாகச் சொன்னதை, கட்சிக்காரர் குரலைக் கேட்காமலே எழுதிவிட்டேன், தவறு என்னுடையது என்றேன். மகளை இழுக்கவில்லை. பிறகு நீதிபதிகள் மூவரும் தலையைச் சாய்த்துப் பேசிக்கொண்டார்கள். தகுதியான ஒருவரைச் சேர்க்க மனுப் போடும்படி அவகாசம் கொடுத்தார்கள். அதுவரை இடுகாடு இருந்தபடியே இருக்க வேண்டும், ஒரு புல்லைக்கூட அசைக்கக்கூடாது என்றார்கள். என் கடிதத்தைப் பற்றி நான்கு வாக்கியம் சொன்னார்கள். அவற்றை இங்கே எழுத மாட்டேன்.

அதன்பிறகு வந்த இரண்டு மாதங்கள் நான் தூங்கினேனா என்று சந்தேகம். உத்தரவு உத்தரவுதான், ஆனால் இயந்திரம் ஓட்டுகிறவருக்கு உத்தரவு தெரியுமா? தினமும் காலையில் அலுவலகம் போவதற்கு முன்னால் செண்டாயான் சாலையில் லாரிகளுக்கு நடுவே காரை ஓட்டிப்போய், அந்தச் சரிவைத் தூரத்திலிருந்து பார்த்துவிட்டு வருவேன். மஞ்சள் நிற மண்வாரி ஒன்று வேலிக்கு அந்தப் பக்கம் நின்றிருக்கும். அது நேற்று நின்ற இடத்திலேயே நிற்கிறதா என்று பார்ப்பேன். அதன் கை ஓங்கியிருந்தால் காரைவிட்டு இறங்கி வேலிவரை போய்ப் பார்ப்பேன். வீட்டில் பைத்தியம் என்றே முடிவு கட்டிவிட்டார்கள்.

இறப்புச் சான்றிதழ், பிறப்புச் சான்றிதழ், சத்தியப் பிரமாணப் பத்திரம் எல்லாம் ஓட்டமும் நடையுமாகத் தயார் செய்தோம். ஜெசிந்தா குளுவாங்கிலிருந்து பஸ் ஏறி வந்து, காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டார். அதிகம் பேசவில்லை. இந்த முறை அவரிடமும் மற்றக் குடும்பங்களிடமும் உட்கார்ந்து, ஒவ்வொன்றாக, சாவு உட்பட எல்லாவற்றையும் விளக்கினேன். பாதி இடத்தை விட்டுக்கொடுக்கும் யோசனையையும் சொன்னேன். வேண்டாம் என்று அவர்களே சொன்னார்கள், என் காதுபட. நீதிமன்றம் ஜெசிந்தாவை ஐயாவின் இடத்தில் ஏற்றுக்கொண்டது. வாதாடினோம். ஜெயித்தோம். இடுகாடு முழுவதும் அப்படியே இருக்க வேண்டும், போய்வர வழி விட வேண்டும் என்று தீர்ப்பு வந்தது.

அந்த வருடம் கல்லறைத் திருநாளுக்கு வரச்சொல்லி ஜெசிந்தா அழைத்தார். ரெம்பாவிலிருந்தும் சிரம்பானிலிருந்தும் குடும்பங்கள் வந்திருந்தன. இந்துக் குடும்பங்களும் வந்து தங்கள் மேடுகளில் புல் வெட்டிக்கொண்டிருந்தன. எங்கும் மெழுகுவத்தி. ஒருவர் என் கையைப் பிடித்துக் குலுக்கி, "ஜெயிச்சிட்டோம் லா சார்" என்று அழுதார். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது, மறைப்பானேன். சவரிமுத்து ஐயாவுக்கு என்று பெரிதாக ஒரு பூங்கொத்து வாங்கிக்கொண்டு போயிருந்தேன்.

ஆரோக்கியத்தம்மாளின் சிலுவைக்குப் புது வெள்ளை அடித்திருந்தார்கள். பக்கத்தில் ஓர் ஆள் படுக்கிற அளவுக்கு இடம், புல் வெட்டி, சுத்தமாக, காலியாக இருந்தது.

"அப்பா எங்கம்மா?" என்று கேட்டேன்.

"குளுவாங்ல சார். மாதா கோயில் கல்லறையில."

"ஏம்மா? இங்கதான அவரு…"

"இங்க கொண்டாந்தா குழி வெட்டணும், ஃபாதர் வரணும், ஆளுங்க கூடும். அப்ப கம்பெனிக்காரன் கேட்லயே காவலுக்கு நின்னான். தெரிஞ்சிடுமே சார். தெரிஞ்சா கேஸ் போயிடும், கேஸ் போனா அம்மாவத் தோண்டிடுவாங்கன்னு அங்கேயே அடக்கம் பண்ணிட்டோம்."

இரண்டு மாதம் அந்தப் பெண்ணிடம் எத்தனையோ தாள் வாங்கினேன், எத்தனையோ கேள்வி கேட்டேன். அப்பாவை எங்கே அடக்கம் செய்தீர்கள் என்று ஒரு முறைகூடக் கேட்கவில்லை. மனுவுக்கு அது தேவைப்படவில்லை. புத்ராஜெயா தாழ்வாரத்தில் அந்த முகம் ஏன் அப்படிப் போயிற்று என்பது இப்போதுதான் புரிந்தது. பூங்கொத்தை என்ன செய்வது என்று தெரியாமல் கையில் பிடித்துக்கொண்டு நின்றேன். வெட்கமாக இருந்தது. அழுகையும் வந்தது.

"சார், அப்பாவ அங்கருந்து எடுத்து இங்க கொண்டாரலாமா?"

"பார்க்கலாம்மா" என்றேன். அந்தப் பதில் நம் தொழிலில் வாயில் தானாக ஊறுகிறது.

"பார்க்கலாம்னு சொல்லாதீங்க சார்." கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். "முடியும்னா முடியும்னு சொல்லுங்க. முடியாதுன்னா முடியாதுன்னு சொல்லுங்க. நீங்க என்ன சொன்னாலும் நாங்க அப்படியே எடுத்துக்குவோம்."

"எனக்குத் தெரியாதும்மா," என்றேன். ஒரு கட்சிக்காரரிடம் அந்த வார்த்தையைச் சொன்னது அதுவே முதல் தடவை. "யாரக் கேக்கணும், என்ன பெர்மிட் வேணும், எல்லாம் விசாரிச்சு திங்கக்கிழமை சொல்றேன்."

ஜெசிந்தா கைப்பையைத் திறந்து பேனாவை எடுத்தார்.

"திங்கக்கிழமை எத்தன மணிக்கு சார்?"